எரர்னா, இன்னா எழுதியிருக்கு?

செங்கல்பட்டில் ஓர் அரசு அலுவலகத்தில் டெலிபோன் ஆபரேட்டராக இருந்தவர் சடையப்பன். நான்கு வயதில் அம்மை போட்டு இரண்டு கண்ணிலும் பார்வை போய்விட்டது. விடுதிப் பள்ளியில் தங்கிப் படித்து, பிரெய்லியில் தமிழும் ஆங்கிலமும் கற்று, ஆபரேட்டர் பயிற்சி முடித்து, தொண்ணூற்று மூன்றில் அந்த நாற்காலியில் வந்து உட்கார்ந்தார். ஊரில் முக்கியமானவர்கள் அத்தனை பேருடைய நம்பரும் அவர் தலைக்குள் இருந்தது. பெரிய அதிகாரிகள்கூட டைரக்டரியைப் புரட்டாமல் அவரைத்தான் கூப்பிடுவார்கள்.

பிறகு எல்லார் சட்டைப்பையிலும் செல்போன் வந்து சேர்ந்தது. சடையப்பனின் போர்டு மெல்ல மெல்ல ஊமையானது. ஒருநாள் முழுக்க நாலைந்து கால்தான் வரும். அதில் இரண்டு ராங் நம்பராக இருக்கும். அவரும் ஒரு செல்போன் வாங்கினார். ஐந்தாம் எண் பட்டன்மேல் சின்னதாக ஒரு புடைப்பு இருக்கும். அதைத் தொட்டுக்கொண்டால் மற்ற எண்கள் எல்லாம் விரலுக்கு வந்துவிடும். பேசுவதில் ஒரு சிக்கலும் இல்லை. மெசேஜ் வந்தால்தான் தொல்லை. இரண்டு முறை பீப் என்று கத்திவிட்டு போன் வாயை மூடிக்கொள்ளும். உள்ளே இருப்பதை யாராவது படித்துச் சொல்ல வேண்டும்.

படித்துச் சொன்னவர் பக்கத்து சீட் ராகவன். தஞ்சாவூர்ப் பக்கத்துக்காரர், அலுவலகத்தில் கிளார்க். நல்ல மனிதர். சடையப்பனுக்கு டீ வாங்கி வந்து டம்ளரைக் கையில் வைத்து, "சூடா இருக்கு, பாத்து" என்று சொல்லிவிட்டுத்தான் போவார். ஆனால் அவர் தொண்டை அப்படி. ரகசியம் பேசினாலும் மூன்றாவது மேசை வரை கேட்கும்.

மெசேஜ் அனுப்புகிறவர் பெரும்பாலும் சடையப்பனின் மனைவி லோகநாயகிதான். அவருக்குக் கண்பார்வை உண்டு. மாமல்லபுரம் கடற்கரையோரம் ஒரு ரிசார்ட்டில் அறை சுத்தம் செய்யும் வேலை. வேலை நேரத்தில் போன் பேசக்கூடாது என்று சூப்பர்வைசர் கண்டிப்பு. படுக்கை விரிப்பு அடுக்கிவைக்கிற அறைக்குள் போய், தமிழை இங்கிலீஷ் எழுத்தில் தட்டி ஒரு வரி அனுப்பிவிடுவார். பஸ் லேட், அரிசி ஊற வையுங்க, கரெண்ட் பில் கட்டியாச்சா. ராகவன் அதை ஏற்ற இறக்கத்தோடு வாசிப்பார். சடையப்பனும் சிரித்துக்கொள்வார். ஊற வைக்கிற அரிசியில் மறைக்க ஒன்றும் இல்லையே.

இரண்டாயிரத்து எட்டு ஆகஸ்டில் ஒருநாள் மத்தியானம் பீப் அடித்தது. ராகவன் போனை எடுத்தார்.

"உங்க வீட்லேர்ந்துதான். டெஸ்ட்ல உண்டாயிருக்குன்னு வந்துருச்சு..." என்று தொடங்கியவர், வாய் போன வேகத்தில் மிச்சத்தையும் வாசித்து முடித்துவிட்டார். "இப்ப யார்கிட்டயும் சொல்லாதீங்க. சாயங்காலம் பேசலாம்."

அலுவலகமே கைதட்டியது. யாரோ ஓடிவந்து சடையப்பனின் கையைப் பிடித்துக் குலுக்கினார்கள். யாரோ ஸ்வீட் வாங்க ஆள் அனுப்பினார்கள். "யார்கிட்டயும் சொல்லாதீங்கன்னு வேற போட்டுருக்காங்கப்பா" என்று ஒரு குரல் சொல்ல, மறுபடியும் சிரிப்பு. சடையப்பன் முகத்தைச் சிரித்த மாதிரி வைத்துக்கொண்டார். தான் அப்பாவாகப் போகிற சேதி தனக்கும் தலைமை எழுத்தருக்கும் கேன்டீன்காரருக்கும் ஒரே நேரத்தில் தெரிந்தது என்பது ஸ்வீட்டை வாயில் போட்ட பிறகுதான் அவருக்கு உறைத்தது.

கல்யாணமாகி ஒன்பது வருஷம். அதற்கு முன் இரண்டு முறை உண்டாகித் தங்கவில்லை. இரண்டு முறையும் ஊரெல்லாம் சொல்லிவிட்டு, பிறகு ஊரெல்லாம் வந்து துக்கம் விசாரித்துவிட்டுப் போனது. அதனால்தான் லோகநாயகி அந்த வரியைப் போட்டிருந்தார்.

அலுவலகத்தில் நடந்ததைச் சடையப்பன் வீட்டில் சொல்லவில்லை. நாலைந்து நாளில் அது தானாக வெளியே வந்தது. ராகவனின் மனைவி கடைத்தெருவில் லோகநாயகியைப் பார்த்து வாழ்த்துச் சொல்லி, எந்த டாக்டர் நல்ல டாக்டர் என்றும் சொல்லிவிட்டுப் போனார். அன்று சாயங்காலம் லோகநாயகி பையைக்கூடக் கீழே வைக்கவில்லை.

"இன்னாங்க, ஆபீஸ்ல சொல்லிட்டீங்களா?"

"நான் சொல்லல. ராகவன் சார் படிக்கறப்ப எல்லாருக்கும் கேட்டுடுச்சி."

"உங்க மேல கோவம் இல்ல. நான் உங்களுக்குத்தான் அனுப்பினேன். ஆபீசுக்கு இல்ல."

அவ்வளவுதான் பேச்சு. சண்டை எதுவும் நடக்கவில்லை. ஆனால் அதன்பிறகு லோகநாயகியிடமிருந்து மெசேஜ் வருவது நின்றுபோனது. தலைசுற்றி ரிசார்ட் படிக்கட்டில் உட்கார்ந்த அன்றுகூட வீட்டுக்கு வந்த பிறகுதான் சொன்னார். சடையப்பன் சட்டைப்பையைத் தொட்டுத் தொட்டுப் பார்ப்பார். ராகவன், "இன்னிக்கு ஒண்ணும் வரலையே?" என்று அக்கறையாகக் கேட்பார்.

அந்த நாட்களில்தான் பள்ளித்தோழன் லட்சுமணன் போன் செய்தார். அவருக்கும் பார்வை கிடையாது. சென்னையில் வங்கி வேலை.

"டேய், என் போன் பேசுதுடா."

"எல்லா போனும்தான் பேசும்."

"அதில்லடா. திரையில இன்னா வந்தாலும் அதுவே படிச்சிச் சொல்லுது. மெசேஜு, பேரு, மணி, எல்லாம். ஒரு சாஃப்ட்வேர் கீது. இறக்கி ஏத்தணும், அவ்ளோதான்."

அதற்கேற்ற போன் வேண்டும் என்றார். லட்சுமணனே பழைய போன் விற்கும் கடையில் ஒன்று தேடிப் பிடித்து, ரயிலில் வந்து கொடுத்துவிட்டுப் போனார். கனமான போன். அது கைக்கு வந்த பிறகுதான் இறக்கி ஏற்றுவது எவ்வளவு பெரிய பாடு என்பது சடையப்பனுக்குத் தெரிந்தது.

பேசுகிற மென்பொருள் உள்ளே போகும்வரை போன் பேசாது. அது என்ன குறை சொல்கிறது என்பதைக் கண் தெரிந்தவர்தான் சொல்ல வேண்டும். கண் தெரிந்தவர்களோ எதையும் முழுசாகப் படிப்பதில்லை.

முதலில் போனில் இன்டர்நெட்டே வரவில்லை. சிம் கம்பெனிக்குப் பேசி, அவர்கள் அனுப்பிய செட்டிங்கைச் சேமித்தால்தான் வரும் என்று தெரிந்துகொள்ளவே ஒரு வாரம் ஆனது. இன்டர்நெட் வந்ததும் மென்பொருள் பாதி இறங்கி நின்றது. போனில் இடம் இல்லையாம். முன்பு வைத்திருந்தவர் யாரோ, தன் வீட்டுக் கல்யாண வீடியோவை அழிக்காமல் விற்றிருந்தார். பஸ் ஸ்டாண்டு பக்கத்துக் கடைக்காரர் அதை அழித்துக் கொடுத்தார். அப்புறம் முழுசாக இறங்கியது. இன்ஸ்டால் கொடுத்தால் ஏறவில்லை.

"இன்னா வருதுப்பா?" என்று சடையப்பன் கேட்டார்.

"எரர் வருது சார்."

"எரர்னா, இன்னா எழுதியிருக்கு?"

"எரர்னுதான் சார்." சொல்லும்போதே கடைக்காரர் ஓகே பட்டனை அமுக்கியிருந்தார். அந்தச் சின்ன டக் சத்தம் சடையப்பன் காதில் விழுந்தது.

அடுத்த கடையிலும் இதேதான். போனைக் கையில் வாங்கியதும் எல்லாரும் முதலில் பின்மூடியைத் திறந்து, பேட்டரியைக் கழற்றி ஊதி, திரும்பப் போடுவார்கள். ஆன் செய்ததும் அது ஏதோ கேட்கும். டக், டக், டக் என்று தள்ளிவிட்டு உள்ளே போவார்கள். இன்ஸ்டால். எரர். "செட்டு சரியில்ல சார், வேற வாங்கிக்கோங்க." ராகவனும் ஒரு மத்தியானம் முழுக்க முயன்று பார்த்தார். "என்னமோ சர்டிபிகேட் கேக்குது. உங்க ஊனமுற்றோர் சர்டிபிகேட்டா இருக்குமோ?" என்றார். அவர் அதைக் கிண்டலாகச் சொல்லவில்லை. நிஜமாகவே யோசித்துத்தான் சொன்னார்.

சடையப்பன் விட்டுவிடலாம் என்றுகூட நினைத்தார். லோகநாயகிக்கு அப்போது ஐந்தாம் மாதம். ஆனாலும் இந்த முயற்சியைப் பற்றி அவரிடம் ஒன்றும் சொல்லவில்லை. வேலை முடியாமல் சொல்லி, அதற்கும் துக்கம் விசாரிக்க வைக்கக்கூடாது என்று இருந்தார்.

மின்வெட்டு மும்முரமாக இருந்த காலம். கார்த்திகை மாதத்தில் ஒருநாள் மத்தியானம் ஸ்டேஷன் ரோட்டில் ஒரு சின்ன செல்போன் கடைக்குள் நுழைந்தார். உள்ளே மின்விசிறிச் சத்தம் இல்லை, பாட்டுச் சத்தமும் இல்லை. கல்லாவில் இருந்தது ஜாய்ஸ் என்ற பெண். அண்ணன் கடை, பார்த்துக்கொள்வது ஜாய்ஸ்தான்.

"கரெண்ட் இல்ல சார். கம்ப்யூட்டர் ஓடாது. பாட்டு ஏத்தணும்னா நாலு மணிக்கு வாங்க."

"பாட்டு இல்லம்மா. போன்ல ஒண்ணு ஏற மாட்டேங்குது. அதுக்குக் கரெண்ட் வேணாம். உனக்கு வேலை ஏதும் இருக்கா?"

"இன்னா வேலை? கொசு அடிச்சிகினு உக்காந்துகினு கீறேன். குடுங்க."

பின்மூடி திறக்கிற சத்தம் கேட்டது. பேட்டரி கழன்று, ஊதல் வாங்கி, திரும்ப உள்ளே போனது. போன் ஆன் ஆனது. டக், டக். சடையப்பன் மேசைமேல் கையை நீட்டி வைத்தார்.

"இதோ பாரும்மா. இப்ப இன்ஸ்டால் குடு. எரர் வரும். ஓகே அமுக்காத. எரர்னும் சொல்லாத. அதுல இன்னா எழுதியிருக்கோ, அதை அப்படியே படி. புரியலன்னாலும் பரவால்ல. எழுத்து எழுத்தா சொல்லு."

ஜாய்ஸ் இன்ஸ்டால் கொடுத்தார். காத்திருந்தார்கள். வெளியே ஒரு எலெக்ட்ரிக் டிரெயின் வந்து நின்றது.

"வந்துட்ச்சி. சர்டிபிகேட்... என், ஓ, டி... நாட். ஒய், இ, டி. அப்புறம் வி, ஏ, எல், ஐ, டி."

"திரும்ப சொல்லு."

"சர்டிபிகேட் நாட் யெட் வேலிட். அவ்ளோதான் கீது."

சடையப்பன் அந்த மூன்றாவது சொல்லிலேயே நின்றார். யெட். இன்னும். மென்பொருளோடு வரும் சர்டிபிகேட் செல்லாது என்று போன் சொல்லவில்லை. இன்னும் செல்லாது என்கிறது. அப்படியென்றால் செல்லுபடியாகிற நாள் இனிமேல்தான் வரப்போகிறது என்று அந்தப் போன் நினைத்துக்கொண்டிருக்கிறது.

"ஏம்மா, அந்த போன்ல இன்னிக்கி தேதி இன்னான்னு போட்டிருக்கு?"

"தேதியா?" ஜாய்ஸ் தேடினார். பிறகு சத்தமாகச் சிரித்தார். "ஐய, ஜனவரி ஒண்ணு, ரெண்டாயிரத்து நாலு!"

"பேட்டரி கழட்டனா தேதி போயிடுதா?"

"ஆமா சார், பழைய செட்டுல அப்டிதான். ஆன் பண்ணா தேதி கேக்கும். நாங்க ஓகே ஓகேன்னு தள்ளிட்டுப் போயிடுவோம்."

ஒவ்வொரு கடையிலும் போனைச் சரி செய்வதாக நினைத்துப் பேட்டரியைக் கழற்றியவர்கள், அதைக் கிட்டத்தட்ட ஐந்து வருஷம் பின்னால் தள்ளிவிட்டிருந்தார்கள். அந்த மென்பொருளோ அந்தத் தேதியில் பிறக்கவே இல்லை. ஜாய்ஸ் தேதியையும் மணியையும் மாற்றினார். மறுபடி இன்ஸ்டால் கொடுத்தார். இந்த முறை எரர் வரவில்லை. ஒரு வெள்ளைக்காரக் குரல், மூக்கடைத்த மாதிரி, மெனு என்று சொன்னது.

ஜாய்ஸ் போனைக் கீழே போட்டுவிடப் பார்த்தார். சடையப்பன் அதை வாங்கி ஒவ்வொரு பட்டனாக அமுக்கினார். ஒவ்வொன்றுக்கும் அது பேர் சொன்னது. பேட்டரி எவ்வளவு, சிக்னல் எவ்வளவு, மணி என்ன. பார்வை போனது முதல் அவர் எத்தனையோ பேரிடம் மணி கேட்டிருக்கிறார். கடையிலேயே ஸ்டூலைப் போட்டு உட்கார்ந்து, கரெண்ட் வரும்வரை மணியையே திரும்பத் திரும்பக் கேட்டுக்கொண்டிருந்தார். போகும்போது ஜாய்ஸ் ஓர் இயர்போனை எடுத்து நீட்டினார். "இத மாட்டிக்கோங்க சார். இல்லன்னா உங்க போனு ஊருக்கே கத்தும்."

இரண்டு நாள் பட்டன் தட்டிப் பழகினார். மூன்றாம் நாள் லோகநாயகிக்கு ஒரு மெசேஜ் அனுப்பினார். சாப்ட்டியா, கால் வீக்கம் எப்படி இருக்கு. பதில் வரவில்லை. சாயங்காலம் பஸ் ஸ்டாண்டில் போய்க் காத்திருந்தார். மாமல்லபுரம் பஸ்சிலிருந்து இறங்கிய லோகநாயகியின் குரல் கறாராக இருந்தது.

"கால் வீக்கத்தப் பத்திலாம் ராகவன் சார்கிட்ட எதுக்குச் சொல்லி அடிக்கச் சொல்றீங்க?"

"நான்தான் அடிச்சேன்."

"சும்மா சொல்லாதீங்க."

"சரி, தள்ளிப் போய் நின்னு எனக்கு ஒண்ணு அனுப்பு. யார்கிட்டயும் குடுக்காம நானே சொல்றேன்."

லோகநாயகியின் செருப்புச் சத்தம் விலகிப் போனது. டீக்கடை, கண்டக்டர் விசில், காய் விற்கிறவர் கூவல். அதற்கு நடுவே காதுக்குள் பீப் கேட்டது. வெள்ளைக்காரக் குரல் தமிழை மென்று துப்பியது. காள் வாலிக்குட்டு ஆட்டோ பூடிங்கா. சடையப்பன் இரண்டாவது முறை ஓடவிட்டுப் புரிந்துகொண்டார். வாய்விட்டுச் சிரித்தார்.

"கால் வலிக்குதா? இரு, ஆட்டோ புடிக்கிறேன்" என்று ஆட்டோச் சத்தம் கேட்ட திசையில் கையைத் தூக்கினார்.

லோகநாயகி பக்கத்தில் வந்து நின்றார். போனை வாங்கிப் பார்த்தார். காதில் வைத்துக் கேட்டார். "இன்னாங்க இது, இப்டி பேசுது" என்றார். ஆட்டோவில் போகும்போது, அன்று படிக்கட்டில் தலைசுற்றி உட்கார்ந்தது ஒரு தடவை இல்லை, மூன்று தடவை என்று சொன்னார்.

அலுவலகத்தில் ராகவனுக்குத்தான் கொஞ்ச நாள் கை ஒடிந்த மாதிரி இருந்தது. பீப் கேட்டதும் பழக்கத்தில் எழுந்து வருவார். "படிச்சிட்டேன் சார்" என்பார் சடையப்பன். ராகவன் திரும்பிப் போய் உட்கார்ந்துகொள்வார். ஒருநாள் அவரே தன் போனைக் கொண்டுவந்து மேசையில் வைத்து, இதில் ஏதோ ஏறவில்லை, கொஞ்சம் பாருங்கள் என்றார். சடையப்பன் என்ன எழுதியிருக்கிறது என்று கேட்டார். ராகவன் தன் பெரிய குரலில் முழுசாக வாசித்தார்.

பெண் குழந்தை அடுத்த சித்திரையில் பிறந்தது. பிரசவ வார்டுக்கு வெளியே பெஞ்சில் சடையப்பன் இருந்தார். சேதியை நர்ஸ் வந்து நேரில்தான் சொன்னார். அதன்பிறகு வெகுநேரம் கழித்து உள்ளேயிருந்து ஒரு மெசேஜ் வந்தது. சடையப்பன் இயர்போனைத் தேடி மாட்டிக்கொண்டார்.