மீசையை மலையில் விட்டுவிட்டு வந்த டூர்

மதனப்பள்ளி மண்டியில் தக்காளிப் பெட்டிக்குப் பக்கத்திலேயே ஆள் படுத்துக் காவல் காத்தார்களே, அந்த வருஷம். ஒரு கிலோ தக்காளி வாங்கினவன் நகைக்கடையிலிருந்து வருகிறவன் மாதிரி பையை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு போனான். அது ஆடி மாசம். நான் சொல்ல வந்தது அதற்கடுத்த தை. பொங்கலுக்கு நகரியில் தறியெல்லாம் நிறுத்தியிருந்தார்கள். தக்காளியும் அதற்குள் தெருவில் கொட்டிக் கிடக்கிற விலைக்கு வந்துவிட்டது.

நான் புத்தூர்க்காரன். லாரியில் கிளீனராக ஏறி, கடைசியில் டூர் பஸ்ஸில் கைடாக இறங்கினேன். நடுவில் என்ன நடந்தது என்பதை இங்கே நுழைத்தால் பஸ் கிளம்பாது. பள்ளிக்கூடத்துப் பக்கம் நான் போனதில்லை. இதைக்கூட நான் சொல்லச் சொல்ல என் மருமகள்தான் எழுதுகிறாள். என் பேச்சைத் திருத்தி எழுதுகிறாள், அது அவள் இஷ்டம்.

படிக்கத் தெரியாதவன் கைடு வேலை எப்படிப் பார்த்தான் என்று கேட்பீர்கள். பேர் எழுதின காகிதம் டிரைவர் சீனுவிடம் இருக்கும். எனக்கு எல்லாம் தலைதான். பஸ்ஸில் முன்னால் நின்று திரும்பிப் பார்த்தால் சீட்டுக்கு மேலே தலை மட்டும்தானே தெரியும்? ஜன்னலோரம் சுருட்டை முடி, பக்கத்தில் நரைத்த கொண்டை, அதற்குப் பின்னால் எண்ணெய் வழியும் கிராப்பு. முதல் நாள் காலையிலேயே எல்லாத் தலையையும் மனதில் பதிய வைத்துக்கொள்வேன். எந்த இடத்தில் இறங்கி ஏறினாலும் ஒரு பார்வை போதும், யார் வரவில்லை என்று சொல்லிவிடுவேன். அப்படியே காலம் ஓடிவிட்டது, அந்த டூர் வரைக்கும் ஒருத்தரையும் விட்டுவிட்டு வந்ததில்லை.

எங்களுடையது மூன்று நாள் டூர். வழக்கமாகப் பழவேற்காடு ஏரியில் பறவை பார்த்து, கடலில் குளித்து, மறுநாள் ஹார்ஸ்லி ஹில்ஸ் ஏறி, கடைசி நாள் திருமலை. பெருமாளைப் பார்த்தால் நேராக வீட்டுக்குத்தான் போக வேண்டும், நடுவில் வேறெங்கும் போகக்கூடாது என்பது எங்கள் பக்கத்து வழக்கம். அந்தத் தடவை தரிசன டிக்கெட் முதல் நாளுக்குத்தான் கிடைத்தது. முதலாளி போனில், "பெருமாள்தான் கூப்புடறாரு, நாம நாள் சொல்ல முடியுமா? திருப்பிப் போட்டு ஓட்டு" என்றார்.

திருப்பிப் போட்டு ஓட்டினோம்.

கல்யாணகட்டா வாசலில்

அந்த டூரில் வந்தவர்கள் எல்லாரும் நகரி நெசவுக் குடும்பங்கள். அதில் முனுசாமி என்று ஒருவர். சொந்தமாக நாலு பவர்லூம் ஓட்டுகிறவர். அவர் மீசையைப் பற்றி நான் என்ன சொல்வது? மனுஷன் பஸ்ஸுக்குள் நுழைவதற்கு முன்னாலேயே அது உள்ளே வந்துவிட்டது. மற்றவர்களுக்குத் தலையை வைத்து அடையாளம், அவருக்கு மட்டும் மீசை. அவர் மனைவி ராஜம்மா, குண்டாக, வெற்றிலை வாயோடு, எதைப் பார்த்தாலும் சிரிக்கிற அம்மா. நான் கட்டியிருந்த மஃப்ளரைப் பார்த்துச் சிரித்தது, சீனு டயருக்கடியில் எலுமிச்சம்பழம் வைத்ததைப் பார்த்துச் சிரித்தது.

மலையில் முடி கொடுக்கிற மண்டபத்துக்குத்தான் கல்யாணகட்டா என்று பேர். ஆண்கள் எல்லாரும் உள்ளே போனார்கள். பொம்பிளைகளில் பாதிப் பேரும் போனார்கள். நானும் ராஜம்மாவும் வாசலில் செருப்புக்குக் காவல்.

ஒவ்வொருவராக மொட்டையும் சந்தனமுமாக வெளியே வந்தார்கள். ராஜம்மா எட்டி எட்டிப் பார்த்தது. எதிரே வந்து நின்ற ஒரு மொட்டையிடம், "ஐயா, உள்ள பெரிய மீசையா ஒருத்தரு இருந்தாரே, வராரா?" என்று கேட்டது.

"இன்னாடி, நான்தான்" என்றார் அந்த மொட்டை.

ராஜம்மா அவரை மேலும் கீழும் பார்த்தது. அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டது. "ஐயோ பெருமாளே! மீசையுமா எடுத்துட்ட! இன்னாய்யா இது, உன் மேல் உதட்டக் காணோமே! அதையும் சேத்து வழிச்சிட்டானா?"

உண்மையில் அந்த மனுஷனுக்கு மேல் உதடு இல்லாத மாதிரிதான் இருந்தது. மெல்லிசாக ஒரு கோடு. கல்யாணமான நாளிலிருந்து மீசைக்கு அடியில் என்ன இருக்கிறது என்று அந்த அம்மாவுக்கே தெரியாது. "இத்தினி வருசமா இந்த மூஞ்சியோடயா குடும்பம் பண்ணேன்? யாருன்னே தெரியலியேய்யா!"

அந்த அம்மா சிரித்தால் பக்கத்தில் இருப்பவர்களுக்கு நிற்காது. பஸ் முழுக்கத் தொற்றிக்கொண்டது. பாக்கராப்பேட்டை காட் ரோட்டு மலை வளைவுகளில் வழக்கமாக நாலு பேர் வாந்தி எடுப்பார்கள். அன்றைக்கு ஒருத்தரும் எடுக்கவில்லை, சிரிக்கத்தான் நேரம் இருந்தது. முனுசாமி முகத்தில் துண்டைப் போட்டுக்கொண்டு கடைசி சீட்டுக்குப் போய்த் தனியாக உட்கார்ந்தார். மறுநாள் காலை டிபனுக்கு நிறுத்தின இடத்திலும் துண்டுக்குள்ளேயே இட்லி துன்னார். துன்னார் என்றால் மருமகள் முறைக்கிறாள். சாப்பிட்டார்.

ஹார்ஸ்லி ஹில்ஸில் மூடுபனி

மேலே காற்றுப்பாறை என்று ஓர் இடம். அங்கே நின்றால் காற்று வேட்டியைக் கொடியாக்கிவிடும். நாங்கள் போன நேரம் மூடுபனி இறங்கி, பக்கத்தில் நிற்பவர் நிழல் மாதிரி தெரிந்தார். எங்கள் வெள்ளை பஸ்ஸுக்குப் பக்கத்தில் இன்னொரு வெள்ளை பஸ். கதிரிக்காரர்கள். அவர்களும் திருமலையிலிருந்து நேராக வந்தவர்கள். அவர்களும் மொட்டை, அவர்களும் சந்தனம்.

மழை வருகிற மாதிரி இருந்ததால் இரண்டு டிரைவர்களும் சேர்ந்து ஹாரன் அடித்தார்கள். எல்லாரும் ஓடி வந்து ஏறினார்கள். நான் முன்னால் நின்று திரும்பிப் பார்த்தேன். வரிசையாக மஞ்சள் உருண்டைகள். கிராப்பு இருந்த இடத்தில் உருண்டை, சுருட்டை இருந்த இடத்தில் உருண்டை. கடைசி சீட்டில் ஓர் உருண்டை துண்டைப் போர்த்திக்கொண்டிருந்தது.

"மாமா, அந்தரு ஒச்சாரா?" என்று சீனு தெலுங்கில் கேட்டான். எல்லாரும் வந்தாச்சா என்கிறான்.

"வந்துட்டாங்கப்பா. எந்த சீட்டும் காலியா இல்ல."

காட் ரோட்டில் பாதி இறங்கியிருப்போம். ராஜம்மாவுக்கு மனது கேட்கவில்லை. முறுக்கு டப்பாவை எடுத்துக்கொண்டு கம்பியைப் பிடித்துப் பிடித்துக் கடைசி சீட்டுக்குப் போனது.

"இந்தா, துன்னு. கோவிச்சிக்காத."

துண்டுக்குள்ளிருந்து ஒரு கை வந்து முறுக்கை வாங்கிக்கொண்டது. கடிக்கிற சத்தம் கேட்டது.

"பேச மாட்டியா? நான் இன்னா வேணும்னா சிரிச்சேன்? வருதுய்யா. அடக்கினா வயிறு நோவுது."

கை மறுபடியும் நீண்டது. இன்னொரு முறுக்கு கொடுத்தது.

"முறுக்கு மட்டும் வேணும், பொண்டாட்டி வாணாம். அப்படித்தான?" என்று அந்த அம்மா துண்டைப் பிடித்து இழுத்தது. இழுத்ததும் போட்ட கூச்சலில் சீனு பிரேக்கை மிதித்துவிட்டான்.

"ஐயையோ! இவருக்கு உதடு இருக்குது!"

நல்ல தடித்த உதடு. அதில் முறுக்குத் தூள். அந்த மனுஷன் எழுந்து கும்பிட்டார். "அம்மா, நேனு மீ ஆயன காதம்மா. முருகுலு இஸ்தே தின்னானு." நான் உங்கள் வீட்டுக்காரர் இல்லை தாயே, முறுக்குக் கொடுத்தீர்கள், தின்றேன் என்கிறார். பனியில் தங்கள் பஸ் என்று நினைத்து ஏறி, குளிருக்குத் துண்டைப் போர்த்தித் தூங்கிவிட்ட கதிரிக்காரர்.

பஸ்ஸே குலுங்கிச் சிரித்தது. ராஜம்மா மட்டும் சிரிக்கவில்லை. நான் அந்த அம்மாவை அப்படிப் பார்த்தது அப்போதுதான்.

"அப்ப அவரு? பெரியவரே, எங்க ஊட்டுக்காரரு எங்க? சுகர் மாத்திரை எங்கிட்ட கீது. போனும் எங்கிட்ட கீது. அந்த பஸ் கதிரிக்குப் போயிடுமே!"

காட் ரோட்டில் பஸ்ஸைத் திருப்ப முடியாது. கதிரிக்காரருக்கு அந்த பஸ்ஸில் இருந்த தன் மகன் நம்பர் தெரியவில்லை. அதே நேரம் முதலாளி போன் பண்ணி, "டூர் எப்பிடிப் போவுது?" என்றார். "சீட்டெல்லாம் ரொம்பி இருக்குது முதலாளி" என்றேன். பொய் இல்லையே.

சீனுதான் தைரியம் சொன்னான். "அழாதக்கா. கீழ கங்கம்மா கோயிலாண்ட நிக்காம எந்த பஸ்ஸும் போவாது. இறங்கி வந்ததுக்கு கற்பூரம் கொளுத்திட்டுத்தான் போவான். நாம முன்னாடி போயி நின்னுக்கலாம்."

கங்கம்மா கோயிலில்

நின்றோம். ராஜம்மா ரோட்டுக்கு நடுவிலேயே போய் நின்றுகொண்டது. காய்கறி வண்டிக்காரன் ஒருவன் திட்டிவிட்டுச் சுற்றிக்கொண்டு போனான். இறங்கி வந்த ஒவ்வொரு வண்டியையும் எட்டிப் பார்த்து, இல்லை இல்லை என்று தலையாட்டியது. கடைசியில் அந்த வெள்ளை பஸ் வந்தது.

முன் சீட்டில் முனுசாமி. மடியில் ஒரு தட்டு சித்ரான்னம். பக்கத்தில் இருந்தவரிடம் தெலுங்கில் என்னவோ கதை அளந்து, உதடு இல்லாத வாயைத் திறந்து கடகடவென்று சிரித்துக்கொண்டிருந்தார்.

"யோவ்! எறங்குய்யா!" என்றது ராஜம்மா. "வேற பஸ்ஸுன்னு உனுக்குத் தெரியல?"

"தெரிஞ்சிது. ஏறின உடனே தெரிஞ்சிது."

"தெரிஞ்சுமா வந்த?"

"ஒருத்தனும் என் மூஞ்சியப் பார்த்து சிரிக்கல. ரண்டி, கூச்சோண்டின்னு மரியாதையா உக்கார வச்சான். சோறு போட்டான். கீழ கோயிலாண்ட எல்லா பஸ்ஸும் நிக்கும்னான். அது வரைக்குமாவது மனுசனா வரலாம்னு உக்காந்துட்டேன்."

"எனக்கு உசிரே போயிடுச்சிய்யா!"

"எனக்கு மட்டும் போவலியா?" அவர் குரல் ஏறியது. "போன வருசம் வயித்தக் கிழிச்சி தையல் போட்டுக்கினு ஆஸ்பத்திரியில கெடந்தியே, கண்ணு தெறக்காம. அந்த வராண்டாவுல நின்னுதான் வேண்டிக்கினேன். இவ எழுந்தா முடியும் மீசையும் தர்றேன்னு. தறிக்கு வேண்டிக்கினேன்னு உங்கிட்ட சும்மா சொன்னேன். யாருக்கு எடுத்தனோ அவளே சிரிக்கிறா!"

ராஜம்மா முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டது. கோயில் பக்கம் திரும்பிக் கும்பிட்டது. பிறகு, "இனிமே சிரிக்க மாட்டேன். கங்கம்மா மேல சத்தியம்" என்றது.

இரண்டு பஸ்காரர்களும் ஆளை மாற்றிக்கொண்டோம். கதிரிக்காரர் போகும்போது ராஜம்மாவைக் கும்பிட்டுவிட்டு டப்பாவையே பார்த்தார். அந்த அம்மா டப்பாவோடு எடுத்துக் கொடுத்துவிட்டது.

கடல்

அந்த சத்தியத்தை ராஜம்மா எப்படிக் காப்பாற்றியது தெரியுமா? மூன்றாம் நாள் காலையில் பழவேற்காடு ஏரிக்குப் போனோம். தண்ணீர் முழுக்க ரோஜா நிறத்துப் பூநாரைகள். ஒற்றைக்காலில் நின்று, தலையைக் கவிழ்த்து, நெட்டைக் கழுத்தை வளைத்துச் சேற்றில் எதையோ துழாவும். எந்த டூரிலும் அதைப் பார்த்துச் சிரிக்காத ஆளை நான் பார்த்ததில்லை. ராஜம்மா சாமி கும்பிடுகிற மாதிரி பார்த்துவிட்டு வந்து உட்கார்ந்தது. அந்த அம்மா சிரிக்காததால் மற்றவர்களும் சிரிக்கவில்லை. சீனு பாட்டுப் போட்டான், அவனே நிறுத்திவிட்டான். துக்கம் விசாரிக்கப் போகிற பஸ் மாதிரி போனோம்.

முனுசாமி மெல்ல எழுந்து என்னிடம் வந்தார். "பெரியவரே, இவ இன்னா இப்பிடி கீறா?"

"நீதானப்பா சிரிக்காதன்ன?"

"சொன்னேன். அதுக்குன்னு இப்பிடியா? பயமா கீதுய்யா. ஆஸ்பத்திரியில இருந்தாப்பல கீறா."

தூபிலிபாளையம் கடற்கரையில் இறக்கிவிட்டோம். நல்ல வெயில், நல்ல அலை. எல்லாரும் தண்ணீரில் இறங்கினார்கள். ராஜம்மா மட்டும் கரையில் புடவையை இழுத்துப் போர்த்திக்கொண்டு உட்கார்ந்திருந்தது. முனுசாமி கொஞ்ச நேரம் அதைப் பார்த்துக்கொண்டு நின்றார். குனிந்தார். ஈர மணலை இரண்டு கையிலும் அள்ளி மேல் உதட்டில் அப்பிக்கொண்டார். இந்தப் பக்கம் ஒரு முறுக்கு, அந்தப் பக்கம் ஒரு முறுக்கு. நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு மனைவிக்கு எதிரே போய் நின்றார்.

ராஜம்மாவின் தோள் குலுங்கியது. ஆனால் வாயைத் திறக்கவில்லை. "போய்யா. சத்தியம் பண்ணியிருக்கேன்."

"கங்கம்மாகிட்ட நான் பேசிக்கிறேன். நீ சிரி."

"மாட்டேன்."

"சிரிடி. நீ இப்பிடி உம்முனு உக்கார்றதுக்கா மீசையக் குடுத்தேன்?"

சொல்லும்போதே மணல் ஒரு பக்கமாகச் சரிந்து வாய்க்குள் விழுந்தது. அவர் தூ தூ என்று துப்பினார். அவ்வளவுதான். ராஜம்மா சிரித்த சிரிப்பில் கரையில் வலை உலர்த்திக்கொண்டிருந்தவர்கள் திரும்பிப் பார்த்தார்கள். வயிற்றைப் பிடித்துக்கொண்டு மணலிலேயே சாய்ந்துவிட்டது. அவரும் பக்கத்தில் விழுந்தார். பெரிய அலை ஒன்று வந்து இருவரையும் சேர்த்து உருட்டிவிட்டுப் போனது. நாங்கள் தூக்கப் போனோம், சிரிப்பில் எங்களுக்கும் கையில் பலம் இல்லை.

அந்த டூருக்குப் பிறகு நான் தலையை நம்புவதை விட்டுவிட்டேன். பஸ்ஸில் ஏறினவர்களை ஒவ்வொருவராக ஒரு வார்த்தை பேச வைத்துக் கேட்பேன். குரலை யாரும் மழிக்க முடியாது. டூர் பஸ்ஸில் புதிதாக வேலைக்குச் சேர்கிற பிள்ளைகள் இதைப் படிக்க வாய்ப்பில்லை, அவர்களுக்கு ஏது நேரம்? படித்த நீங்கள் ஒரு வேலை செய்யுங்கள். திருமலைக்குப் போகிற பஸ் எதிலாவது ஏறினால், முன்னால் நிற்கிற கைடிடம் சொல்லிவிடுங்கள்: மொட்டை போட்டு வந்தவர்களைப் பேசவிட்டுக் கேட்காமல் பஸ்ஸை எடுக்க வேண்டாம் என்று புத்தூர்க் கிழவன் சொன்னான்.