‘நிக்கலைங்க, போய்க்கிட்டே இருக்கேன்’

ஒரு பெண்ணுக்கு டம்ளரும் கரண்டியும் எடுத்துக் கொடுத்துக்கொண்டே வண்டியை அரைச் சாண் முன்னால் தள்ளுகிறார் பிளாஸ்க் அக்கா. மீதிச் சில்லறையைக் கொடுக்கும்போது அரைச் சாண் பின்னால் இழுக்கிறார். வண்டியில் பிள்ளை தூங்குகிறதோ என்று புதிதாகப் பார்ப்பவர்கள் எட்டிப் பார்ப்பதுண்டு. பிள்ளை இல்லை. சோப்பு, சீப்பு, துண்டு, ரப்பர் செருப்பு, மூடி போட்ட வாளி, வரிசையாகப் பிளாஸ்க். பெரிய ஆஸ்பத்திரி வாசலுக்கு எதிரே, மாற்றுத் துணிகூட எடுக்காமல் ஓடிவந்தவர்களுக்கு என்னென்ன தேவைப்படுமோ அத்தனையும் இருக்கிறது.

மற்ற வண்டிக்காரர்கள் சக்கரத்துக்குக் கீழே கல் வைக்கிறார்கள். அக்கா வலது காலைத்தான் முட்டுக் கொடுக்கிறார். அந்தக் கால் செருப்பு மட்டும் ஒரு பக்கமாகத் தேய்ந்து கோணியிருக்கிறது. “கல்லு வெச்சா நிக்கிறேன்னு ஆயிடும். காலுன்னா எடுத்துக்கிட்டு ஓடிடலாம் பாருங்க” என்பார். அவர் உட்கார்ந்து நான் பார்த்ததே இல்லை. என் அண்ணி உள்ளே படுத்திருந்த நாட்களில் போகும்போதும் வரும்போதும் அவரிடம் பேச்சுக் கொடுப்பேன். பதில் எனக்கு வரும். கண் தெருமுனையில் இருக்கும்.

அது பழைய பயம். உரிமம் என்ற ஒன்றே இல்லாத காலத்தில் வண்டிகளை அள்ளிப்போக லாரி வரும். யார் இறங்கி வந்து மிரட்டினாலும் அக்காவிடம் ஒரே பதில்தான்: “நிக்கலைங்க, போய்க்கிட்டே இருக்கேன்.” பல தடவை வண்டியைக் காப்பாற்றிய வாக்கியம் அது. அதுவே பிறகு காலை வாரிவிட்டது.

தெருவில் விற்பதும் ஒரு தொழில், அதைச் செய்ய உரிமை உண்டு என்று சட்டம் வந்தது. கணக்கெடுக்க ஒருவர் வந்தார். “எங்கம்மா நிக்கிறீங்க?” என்று மரியாதையாகத்தான் கேட்டார். “நிக்கலைங்க, போய்க்கிட்டே இருக்கேன்” என்றார் அக்கா. அவரும் எழுதிக்கொண்டு போய்விட்டார். நுணலும் தன் வாயால் கெடும். வந்து சேர்ந்த உரிம அட்டையில் அக்காவின் படத்துக்குக் கீழே ‘நடமாடும் விற்பனையாளர்’ என்று இருந்தது. பக்கத்தில் செருப்பு தைப்பவருக்கு ‘நிலையான இடம்’. அவர் வாசலோரத்தில் காலை நீட்டிக்கொண்டு தொழில் செய்யலாம். அக்கா உருட்டிக்கொண்டேதான் விற்க வேண்டும், நின்றால் குற்றம்.

“போட்டோவைப் பாருங்களேன், அதுலயே ஓடப்போறவ மாதிரிதான் இருக்கேன்” என்று சிரித்தார். சிரிப்பு உதட்டோடு நின்றுவிட்டது.

உருட்டிப் பார்க்காமலும் இல்லை. ஒருநாள் அவர் பின்தெருவில் சுற்றிக்கொண்டிருந்தபோது, மனைவியைப் பிரசவத்துக்குச் சேர்த்த ஒருவர் பிளாஸ்க் கேட்டு இந்த வாசலில் தவித்திருக்கிறார். “இங்க வர்றவங்க பாதி உசுரோட வர்றாங்க. அவங்க டாக்டரைத் தேடுவாங்களா, என்னைத் தேடுவாங்களா? நான் ஒரே எடத்துல இருந்தாத்தானே அவங்களுக்கும் ஆகும், எனக்கும் அடுப்பெரியும்?”

உரிமத்தின் வகையை மாற்றித் தரும்படி மகள் மனு எழுதிப் போட்டாள். ஜெராக்ஸ் கடையில் வேலை பார்க்கும் பெண், விவரமானவள். இந்த வாரத்தில் ஏதாவது ஒருநாள் அதிகாரி நேரில் வந்து பார்ப்பார் என்று பதில் வந்தது. வாசலில் நின்று விற்பவர்தான் என்று அவர் கண்ணுக்குத் தெரிந்தால் இடம் கிடைக்கும். நகர்ந்துகொண்டிருந்தால் மனு தள்ளுபடி.

இதில்தான் கூத்து. அள்ளிப்போகும் லாரிக்கு முன்னால் வருவதும் வெள்ளை ஜீப். பார்வையிடும் அதிகாரி வருவதும் அதே வெள்ளை ஜீப். அள்ள வந்தவர்கள் முன்னால் நின்றால் வண்டி போய்விடும். பார்க்க வந்தவர் முன்னால் நகர்ந்தால் இடம் போய்விடும். மத்தளத்துக்கு இரண்டு பக்கமும் இடி. அக்காவுக்கு அந்த வாரம் முழுக்கச் சோறு இறங்கவில்லை.

“வீட்டுல பரீட்சை வேற வைக்கிறா” என்றார். மகள் அதிகாரி மாதிரி குரலைக் கனமாக்கிக்கொண்டு, “எங்கம்மா நிக்கிறீங்க?” என்று கேட்பாளாம். இவர் பாத்திரம் தேய்த்தபடியே, “ஆஸ்பத்திரி வாசல்ல நிக்கிறேங்க” என்று சரியாகத் தொடங்கி, “இதோ கெளம்பிட்டேங்க” என்று முடிப்பாராம். “என்ன பண்றது, வாய் பழகிப்போச்சு. அவ தலையில அடிச்சுக்கிறா.”

அண்ணியை வீட்டுக்கு அனுப்பிய அன்று, ஒரு துண்டு வாங்கலாம் என்று வாசலுக்கு வந்திருந்தேன். தெருமுனையில் வெள்ளை ஜீப் திரும்பியது. அக்காவின் முகம் வெளிறிப்போனது. பின்னால் லாரி வருகிறதா என்று எட்டிப் பார்த்தார். ஒரு பஸ் குறுக்கே நின்று மறைத்தது. கால் தானாகச் சக்கரத்தை விட்டது. கை தானாகத் தள்ளியது. வண்டி கிளம்பியேவிட்டது.

“அக்கா, நில்லுங்கக்கா!” என்று செருப்பு தைப்பவர் கத்தினார். நானும் கூடவே கத்தினேன்.

பஸ் நகர்ந்தது. லாரி இல்லை. ஜீப்பிலிருந்து இறங்கிய அதிகாரி, கையில் மனுவோடு வண்டியை நோக்கி நடந்து வந்தார். “வாசல்லயே வண்டி போடறேன்னு எழுதிக் கொடுத்தது நீங்கதானேம்மா? இப்ப போய்க்கிட்டுல்ல இருக்கீங்க? நிக்கிறீங்களா, போறீங்களா, சொல்லுங்க.”

அக்கா வாயைத் திறந்தார். எந்த வாக்கியம் வந்து விழுமோ என்று எனக்குப் பதறியது. அவருக்கும் அதே பயம்தான் போலிருக்கிறது. திறந்த வாயை மூடிக்கொண்டார். வண்டியைத் திருப்பி, பிளாஸ்க்குகள் ஒன்றோடொன்று மோத, பழைய இடத்துக்கே இழுத்து வந்து நிறுத்தினார். பிறகு சக்கரத்துக்கு முதுகை முட்டுக் கொடுத்து, தரையில் உட்கார்ந்தார்.