ராஜகுமாரன் வேஷம் எனக்குத்தான்

நாடகம் போடுகிறவர்களுக்குப் பசியைவிடப் பெரிய தொல்லை ஒட்டு மீசை. வியர்வையில் அது ஊறி அரிக்க, சொறியவும் முடியாமல் மேடையில் நின்ற அன்பர்கள் யாராவது இருந்தால் என் கஷ்டம் புரியும். என்ன, நீங்கள் ஆண்கள், நான் பெண்.

அறுபதுகளில் திருச்சியில் எனக்கு டெலிபோன் ஆபரேட்டர் வேலை. சாயங்காலமானால் நாடகம். குழந்தைக் கதைகளைத் தலைகீழாக்கிப் பெரியவர்களைச் சிரிக்க வைப்பது எங்கள் குழுவின் வழக்கம். அந்த வருஷம், ஏழு கடலுக்கு அப்பால் ஒரு கிளிக்குள் உயிரை ஒளித்து வைத்த ராட்சசன் கதை. எங்கள் ராஜகுமாரன் படகைக் கண்டாலே நடுங்கும் ஒரு தொடைநடுங்கி. சிறையிலிருக்கும் ராஜகுமாரியே பூட்டை உடைத்துப் போய்க் கிளியைப் பிடித்துவிடுவாள்.

கை வைக்க இடம்

அதுவரை பெண் வேஷமெல்லாம் பொன்மலை ரயில்வே பட்டறை ஃபிட்டர் சிங்காரம்தான் கட்டுவார். நிஜப் பெண்ணே வந்துவிட்டதால் ராஜகுமாரி எனக்கு, ராஜகுமாரன் அவருக்கு என்றார் குழுவின் செக்ரட்டரி. ட்ரங்க் காலில் கத்திப் பழகிய என் குரலைக் கேட்டு ஒத்திகையில் ராட்சசனே இரண்டடி பின்வாங்கினான். சிங்காரமோ உடைவாளைத் தண்ணீர்க் குடம் மாதிரி இடுப்பில் வைத்துக்கொண்டு வந்தார்.

வேஷத்தை மாற்றிக்கொள்கிறோம் என்று இருவரும் போய் நின்றோம். செக்ரட்டரி முறைத்தார். சிங்காரம் அசரவில்லை.

"சார், சேலை கட்டினாத்தான் கையை எங்க வெச்சுக்கறதுன்னே எனக்குத் தெரியுது."

நிபந்தனை

செக்ரட்டரி அரைமனதாகச் சம்மதித்தார். எனக்கோ அந்த வேஷத்தின் மேல் கொள்ளை ஆசை. பெண் வேஷமென்றால் அழ வேண்டும், இல்லாவிட்டால் வெட்கப்பட வேண்டும். எனக்கு இரண்டும் வராது. ஆனால் செக்ரட்டரி விரலை நீட்டிச் சொல்லிவிட்டார்:

"ஸ்ரீரங்கத்துல போடறோம்மா. பொம்பளைக்கு மீசையான்னு ஒரு விசில் வந்தாலும் திரையை இறக்கிடுவேன். அப்புறம் நீங்க வாசல்ல டிக்கெட் கிழிக்கலாம்."

எந்த அறை?

ஸ்ரீரங்கத்தில் பெண்கள் அறையில் மீசையை ஒட்டிக்கொண்டு கண்ணாடி பார்த்துக்கொண்டிருந்தேன். தாம்பாளத்தோடு உள்ளே வந்த ஒரு மாமி வீலென்று கத்தினாள். "நானும் பொம்பளைதான் மாமி" என்றேன். அவள் என்னை மேலும் கீழும் பார்த்தாள்.

"அதையெல்லாம் வெளியில போய்ச் சொல்லுங்கோ!"

விசில்

மேடையில் காலை வைத்ததும் பின் வரிசையிலிருந்து நீளமாக ஒரு விசில். ஓரத்தில் செக்ரட்டரியின் கை திரைக் கயிற்றுக்குப் போனது. எனக்கே அழுகை வந்துவிடும் போலிருந்தது. சட்டென்று மேடையிலிருந்த அட்டைப் பல்லக்குக்குப் பின்னால் பாய்ந்து ஒளிந்துகொண்டு அலறினேன்: "ஐயோ, ராட்சசன் விசிலடிக்கிறான்! பொம்பளைங்க யாராவது இருந்தா துணைக்கு வாங்களேன்!"

பெண்கள் பக்கம் கொல்லென்று சிரிப்பு. அது ஆண்கள் பக்கமும் பரவி, விசிலடித்தவனே கை தட்டினான். செக்ரட்டரி கயிற்றை விட்டுவிட்டார். முன் வரிசையில் ஒரு மாமி எழுந்தே நின்றுவிட்டாள்.

"பயப்படாதேடா ராஜா, நாங்கள்ளாம் இருக்கோம்!"

அங்கவஸ்திரம்

நாடகம் முடிந்ததும் தலைமை வகிப்பவர் கதாநாயகனுக்கு அங்கவஸ்திரமும் கதாநாயகிக்குச் சேலையும் தருவது அந்நாளைய வழக்கம். அன்று தலைமை ஒரு வக்கீல். எதை யாருக்குக் கொடுப்பது என்று மனிதர் இரண்டையும் ஏந்திக்கொண்டு தவித்தார். சிங்காரம் தலையைக் குனிந்து அழகாகக் கையை நீட்டவே, சேலை தானாக அங்கே போய்விட்டது. அந்நியப் பெண்ணின் தோளில் அங்கவஸ்திரம் போர்த்த வக்கீலுக்குக் கூச்சம். மனைவியை மேடைக்குக் கூப்பிட்டார்.

அதற்குள் செக்ரட்டரி மைக்கைப் பிடித்து, அடுத்த நாடகத்திலும் ராஜா வேஷம் எனக்குத்தான் என்று அறிவித்தே விட்டார். கைதட்டலில் கொட்டகை அதிர்ந்தது. போர்த்திவிட்ட வக்கீல் மாமி என் காதோரம் குனிந்தாள்.

"எங்காத்துக்காரரும் படகுன்னா இப்படித்தான் நடுங்குவார். நீங்க எங்கே பாத்தேள்?"

ஆணாக நடிப்பதில் ஒட்டு மீசையைத் தவிர எனக்கு ஒரு கஷ்டமும் இருக்கவில்லை. அந்த வேஷத்துக்கு ஆண்களின் சம்மதம் வாங்கத்தான் படாத பாடு பட்டேன்.