மதினியும் காலச் சுவடியும்

எழுபதுகளில் ஒரு வருஷம் கோடை முழுக்க நான் கதை அளந்தே பொழுதைக் கழித்தேன். எல்லாம் என் மதினிக்காகத்தான். அண்ணன் ஏலக்காய்த் தோட்டத்தில் வேலை பார்த்தார். வாரக் கடைசியில்தான் மலையை விட்டு இறங்குவார். போடி வீட்டில் மதினியும் நானும் மட்டும்.

மதினிக்கு அதற்கு முன் இரண்டு தடவை கரு கலைந்திருந்தது. மறுபடி உண்டானதும் தேனி டாக்டரம்மா கண்டிப்பாகச் சொல்லிவிட்டார், பிள்ளை வேண்டுமென்றால் கட்டிலை விட்டு இறங்கக் கூடாது என்று. மதினியைப் பற்றித் தெரியாமல் சொன்னார். மதினிக்கு ஆண்டிபட்டிப் பக்கம். ஒரு நாள் குடம் தூக்காவிட்டால் காய்ச்சலோ என்று சந்தேகப்படுகிற ரகம். நான் டீச்சர், எனக்குப் பள்ளிக்கூட லீவு. அடுப்படியில் நான் திரும்பிப் பார்த்தால், பின்னால் உட்கார்ந்து வெங்காயம் உரித்துக்கொண்டிருப்பார்.

"படுங்க மதினின்னா படுக்க மாட்டீகளா?"

"கெடையாக் கெடந்தா பைத்தியம் பிடிச்சிரும் ஆத்தா."

நான் கத்தினால் தெருவுக்கே கேட்கும், மதினிக்கு மட்டும் கேட்காது. வேறு வழியில்லாமல் கதையை ஆரம்பித்தேன்.

ஒரு நாடு. அங்கே பொழுது தானாக விடியாது. கோட்டைக்குள் ஒரு பனையோலைச் சுவடி இருக்கிறது. அதில் ஓர் ஏட்டைப் படித்தால்தான் ஒரு நாள் விடியும். படிக்காமல் விட்டால் பாதிக் கொட்டாவியோடு ஊரே அப்படியே நிற்கும். சுவடிக்குக் காவல் ஒரு ராணி. அதை நெஞ்சில் வைத்துக்கொண்டு அவள் அசையாமல் படுத்திருக்க வேண்டும். அசைந்தால் ஏடுகள் இடம் மாறிவிடும். நாளைக்கு அப்புறம் நேற்று வரும், தாத்தா தொட்டிலுக்குப் போவார், பேரன் தடி ஊன்றுவான்.

மதினி அசையாமல் கேட்டார். எனக்கே ஆச்சரியம்.

ஆனால் கேட்டதோடு விடவில்லை. அவர்கள் ஊர் வானம் பார்த்த பூமி. மழை தவறினால் கோயிலில் ஆளை உட்காரவைத்துப் பழைய கதை படிப்பார்களாம். மழை விழும்வரை கதையை முடிக்க மாட்டார்களாம், ஏட்டைத் துணியில் கட்டவும் மாட்டார்களாம். கட்டிவிட்டால் திரண்ட மேகமும் கலைந்துவிடும்.

"மழைக்கு முந்தி எங்க ஊர்ல ஏட்டைக் கட்ட மாட்டாக. நீயும் பிள்ளை பெறக்குற வரைக்கும் கட்டிறாத ஆத்தா."

நான் சிரித்தேன். அவர் சிரிக்கவில்லை.

பள்ளிக்கூடம் திறந்ததும் வந்தது வினை. ஒரு நாள் எட்டாம் வகுப்போடு மல்லுக்கட்டிவிட்டு மண்டையிடியோடு வந்து சேர்ந்தேன். காப்பிகூடக் குடிக்கவில்லை, அதற்குள் மதினி, "அப்புறம்?" என்றார்.

"அப்புறம் என்ன? கடைசி ஏடும் வந்துருச்சு. ராணி படிச்சா, கட்டி வச்சா. அம்புட்டுத்தான்."

மதினிக்கு முகம் வெளுத்துவிட்டது. பிரசவத்துக்கு இன்னும் ரெண்டு மாதம் கிடந்தது. விளக்கு வைக்கிற நேரத்தில் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சுருண்டார்.

பக்கத்து வீட்டுக்காரர் ஏலக்காய் மூட்டை ஏற்றுகிற ஜீப்பில் தேனிக்குக் கிளம்பினோம். மதினி என் கையைப் பிடித்த பிடியில் வளையல் நசுங்கியது. "கட்டிட்டியே ஆத்தா, அவுத்து விடு, அவுத்து விடு" என்று அதே பேச்சு. நான் சயின்ஸ் டீச்சர். கதைக்கும் கர்ப்பத்துக்கும் சம்பந்தமில்லை என்று எந்த மேடையிலும் பேசுவேன். அன்றைக்கு அந்த ஜீப்பில் எனக்கு வந்த பயத்தில் அதெல்லாம் பறந்துபோனது. அவிழ்த்தேன்.

"கயிறு அந்துபோச்சு மதினி. உள்ள பாத்தா, கடைசி ஏட்டுக்கும் கீழ இன்னொரு ஏடு. எழுத்தே இல்ல. அதை எழுத வேண்டியவுக இன்னும் வந்து சேரலை. அவுக வர்ற வரைக்கும் பொழுது அப்படியே நிக்குது. யாரும் அவசரப்படக் கூடாதுன்னு ராணி தண்டோரா போடச் சொல்லிட்டா..."

"எழுதுறது யாரு டீச்சர்?" என்று ஜீப் ஓட்டிய பக்கத்து வீட்டுக்காரர் திரும்பினார்.

"நீங்க ரோட்டைப் பாருங்கண்ணே!"

டாக்டரம்மா உள்ளே வைத்துப் பார்த்துவிட்டுக் கோபமாக வெளியே வந்தார். எனக்கு உயிரே போய்விட்டது.

"பிள்ளை நல்லாத்தான் இருக்கு. அந்தம்மாவுக்குப் பலாப்பழத்தைக் கொடுத்தது யாரு? வயிறு முழுக்க வாயு."

அண்ணன் மலையிலிருந்து கொண்டுவந்த பழம். நான் பள்ளிக்கூடம் போன நேரத்தில், கட்டிலுக்கடியில் கையை விட்டுச் சுளை சுளையாக எடுத்துத் தின்றிருக்கிறார். கட்டிலை விட்டு இறங்கவில்லையாம், சத்தியம் வேறு. நான் ஆஸ்பத்திரி பெஞ்சில் உட்கார்ந்து அழுதேன், சிரித்தேன், மறுபடி அழுதேன். போடி வரைக்கும் மதினியைத் திட்டிக்கொண்டே வந்தேன். அவ்வளவு சந்தோஷமாக நான் யாரையும் திட்டியதில்லை.

அதற்கப்புறம் தினமும் சாயங்காலம் அந்த நாட்டில் பொழுதை நிறுத்தி வைப்பதே என் வேலையாகப் போனது. பிள்ளைகளின் கட்டுரை நோட்டிலிருந்துகூடச் சங்கதி திருடினேன். மாதம் நிறைந்து பெண் பிறந்தது. தொண்டை அப்படியே அத்தை தொண்டை என்று சொன்னார்கள்.

பிள்ளை பிறந்து முப்பது நாள் கழிந்த ஒரு காலையில், யோசித்து யோசித்துச் செதுக்கிய முடிவோடு மதினியிடம் போனேன். கொல்லையில் துணி பிழிந்துகொண்டிருந்தார். உள்ளே பிள்ளை வீறிட்டது.

"மதினி, அந்த வெத்து ஏட்டுல என்ன எழுதுனாகன்னு சொல்லவா?"

"இங்கன மனுசிக்கு மூச்சு விட நேரமில்ல, ஏட்டைத் தூக்கிட்டு வந்துட்டா! போயிப் பிள்ளையத் தூக்கு ஆத்தா."

போய்த் தூக்கினேன்.