பொம்பளை ஓட்டுன வண்டி

எங்கள் வீட்டில் கார் ஓட்டத் தெரிந்த ஒரே ஆள் நான்தான். ஆனால் கார் பார்த்து வாங்கும் தகுதி என்னைத் தவிர மற்ற எல்லோருக்கும் இருந்தது.

தொண்ணூறுகளின் நடுவில் எனக்குக் காரமடைக்கு மாற்றல் வந்தது. அரசுப் பள்ளியில் இயற்பியல் ஆசிரியை. வீடு கணபதியில். காந்திபுரம் போய் மேட்டுப்பாளையம் பஸ்ஸைப் பிடித்து, பெரும்பாலான நாட்கள் நின்றுகொண்டே போவேன். ஒரு வருடத்தில் இடுப்பு பிடித்துக்கொண்டது. பழைய சின்ன கார் ஒன்று வாங்கிவிடலாம் என்று நான்தான் சொன்னேன். டிரைவிங் ஸ்கூலில் சேர்ந்து லைசென்சும் எடுத்திருந்தேன். என் கணவருக்கு மொபெட் தாண்டி எதுவும் ஓட்டத் தெரியாது. தெரியாது என்று சொல்லவும் வராது.

"சித்தப்பாவ ஒரு வார்த்தை கேட்டுக்கலாம்" என்றார்.

அவருடைய சித்தப்பா, எனக்குச் சின்ன மாமா, வெள்ளகோவிலில் எண்ணெய் மில் வைத்திருந்தார். கூடவே இரண்டு லாரிகள். லாரி வைத்திருப்பவருக்கு வண்டியைப் பற்றி எல்லாம் தெரியும் என்பது எங்கள் குடும்பத்தில் மறுபேச்சில்லாத விஷயம். எருமை வைத்திருப்பவர்கள் எல்லோரையும் மாட்டு டாக்டர் என்று யாரும் சொல்வதில்லை. லாரிக்காரருக்கு மட்டும் அந்தச் சலுகை. இத்தனைக்கும் அந்த லாரிகளை ஓட்டியது வேறு ஆட்கள், ரிப்பேர் பார்த்தது வேறு ஆட்கள். அவர் செய்ததெல்லாம் முன்பக்கம் சந்தனப் பொட்டு வைத்ததுதான்.

காரமடையில் எங்கள் பள்ளிக்குப் பக்கத்துத் தெருவில் ஒரு டாக்டரம்மா இருந்தார். கிளினிக்கை மூடிவிட்டு மகன் வீட்டோடு போவதாக இருந்தார். அவருடைய வெள்ளைக் கார் ஏழு வருடமாக ஒரே கையில் ஓடியது. அதை விற்கப் போகிறார் என்று கேள்விப்பட்டு நான்தான் முதலில் போய்ப் பேசினேன். அடுத்த ஞாயிற்றுக்கிழமை சின்ன மாமாவும் என் கணவரும் பார்க்க வந்தார்கள். நானும் கூடப் போனேன்.

சின்ன மாமா காரை ஒரு சுற்றுச் சுற்றினார். டயரைச் செருப்புக் காலால் இரண்டு உதை உதைத்தார். கதவைத் திறந்து சாத்தி, தலையைச் சாய்த்து அந்தச் சத்தத்தைக் கேட்டார். மறுபடியும் திறந்து சாத்தினார். நான்கு கதவுக்கும் இதே கச்சேரி நடந்தது. பேனட்டைத் திறக்கவில்லை. கீழே குனிந்து பார்க்கவில்லை, வெள்ளை வேட்டி அழுக்காகிவிடும்.

டாக்டரம்மா உள்ளே போய் ஒரு கனமான ஃபைலைக் கொண்டுவந்து கொடுத்தார். "எல்லா சர்வீஸ் பில்லும் இருக்குதுங்க. எப்ப ஆயில் மாத்தினது, எப்ப பிரேக் மாத்தினது, எல்லாம் வரிசையா இருக்கும்."

சின்ன மாமா அதைக் கையில்கூட வாங்கவில்லை. "இதப் படிக்கறதுக்கா இத்தனை தூரம் வந்தோம்?" என்று என் கணவரைப் பார்த்துச் சிரித்தார். என் கணவரும் சிரித்தார். நான் ஃபைலை வாங்கிப் புரட்டினேன். சொன்னபடியே இருந்தது. ஏழு வருடத்தில் ஒரு சர்வீஸ் தவறவில்லை. மீட்டரில் இருந்த கிலோமீட்டரும் கடைசி பில்லில் எழுதியிருந்ததும் ஒத்துப்போயின. இதற்குமேல் ஒரு பழைய காரிடம் வேறென்ன எதிர்பார்க்க முடியும்?

"ஏனுங்க, இத யாரு ஓட்டுனாங்க?" என்று கேட்டார் சின்ன மாமா.

"நான்தானுங்க. டிரைவர் வெச்சதே இல்லை."

அவ்வளவுதான். அவர் முகத்தில் தீர்ப்பு எழுதியாகிவிட்டது. வெளியே வந்து, டாக்டரம்மா வாசலிலேயே நின்றுகொண்டிருக்கும்போது, குரலைக்கூடத் தாழ்த்தாமல் சொன்னார்: "பொம்பளை ஓட்டுன வண்டி. காலை எடுக்காம ஓட்டுவாங்க, கிளட்ச் தீஞ்சிருக்கும். ரெண்டு வருசங்கூடத் தாங்காது. வேண்டாம் கண்ணு, விட்டுரு."

அந்த வண்டியை இனி ஓட்டப்போவதும் ஒரு பொம்பளைதான் என்பது அங்கே நின்ற இரண்டு ஆண்களுக்கும் தோன்றவேயில்லை. நான் சொல்லியிருக்கலாம். ஃபைலை டாக்டரம்மா கையில் திருப்பிக் கொடுத்து, "வாரேனுங்க" என்று மட்டும் சொன்னேன். அவர் என்னை ஒரு பார்வை பார்த்தார். அதில் கோபம் இல்லை. 'நீயும் படித்தவள்தானே' என்று கேட்கிற பார்வை அது. சின்ன மாமா மேல் எனக்கு உள்ள இளக்காரத்தில் பாதியை என்மேலும் வைத்துக்கொள்ள வேண்டும் என்று நினைப்பதற்கு அந்தப் பார்வைதான் காரணம்.

இரண்டு வாரத்தில் சின்ன மாமா தானே ஒரு காரைப் பிடித்துவிட்டார். வெள்ளகோவிலில் நூல் வியாபாரம் செய்யும் அவருடைய பங்காளியின் கார். அதே மாதிரி சின்ன கார்தான், ஆனால் பளபளவென்று சிவப்பு. புது சீட் கவர், பாட்டுப் பெட்டி, கண்ணாடியில் தொங்கும் பிளாஸ்டிக் மாலை. நாங்கள் போய் இறங்கியபோது பேனட்டின் மேல் கை வைத்துப் பார்த்தேன். சுட்டது.

"இப்பத்தானுங்க ஒரு ரவுண்டு போயிட்டு வந்தேன்" என்றார் பங்காளி.

"கொஞ்சம் ஆறட்டுமுங்களா? குளிர்ந்த எஞ்சின ஸ்டார்ட் பண்ணிப் பார்த்தாத்தானே தெரியும்" என்றேன்.

பங்காளி சின்ன மாமாவைப் பார்த்தார். சின்ன மாமா வாய்விட்டுச் சிரித்தார். "அம்மணிக்கு இது டீ டம்ளர்னு நெனப்பு. ஆறட்டுமாம்!" எல்லோரும் சிரித்தார்கள். வீட்டுக்குள்ளிருந்து எட்டிப் பார்த்த பங்காளியின் மனைவியும் சிரித்தார். எதற்கென்று அவருக்குத் தெரிந்திருக்காது.

கதவைத் திறந்து சாத்தும் பரீட்சை நடந்தது. கார் பாஸானது. ஒரு டயர் மட்டும் உள்பக்கமாகத் தேய்ந்திருப்பதைக் காட்டினேன். "டயர்னா தேயத்தான் செய்யும்" என்றார் சின்ன மாமா. அன்று மாலை அந்தக் காரை நான்தான் கணபதிவரை ஓட்டி வந்தேன். ஸ்டீரிங்கை நேராகப் பிடித்தால் வண்டி இடதுபக்கம் போனது.

மறுநாள் காலை ஸ்டார்ட் ஆகவில்லை. அதற்கு மறுநாளும் ஆகவில்லை. தெருவில் போகிற நாலு பேரைக் கூப்பிட்டுத் தள்ளவிட்டுத்தான் பள்ளிக்கூடம் போனேன். ஐப்பசி மழையில் காருக்குள் காலடியில் தண்ணீர் வந்தது. கணபதியில் எங்கள் தெருமுனையில் ஒரு மெக்கானிக் இருந்தார். அவர் மிதியடியைத் தூக்கிப் பார்த்தார். அடித்தளத்தில் தகர டப்பாவை வெட்டி ஒட்டி, மேலே தாரைப் பூசியிருந்தார்கள். விரலால் அழுத்தினார். விரல் உள்ளே போய்விட்டது.

"இது நல்லா மோதுன வண்டிங்க டீச்சர்" என்றார். "முன்னாடிப் பக்கம் மொத்தமும் இழுத்துப் பட்டி வெச்சுப் பெயின்ட் அடிச்சிருக்காங்க. அடிச்சட்டமே கோணலா இருக்குது. எப்புடிங்க ஏமாந்தீங்க, நீங்க படிச்சவங்க?"

சின்ன மாமாவுக்குப் போன் செய்தேன். அவர் குரலில் ஒரு சின்ன அசைவுகூட இல்லை. "வெள்ளகோவில்ல இருந்த வரைக்கும் நல்லாத்தான ஓடுச்சு? நீ ஓட்டற மொறை அப்புடி, அம்மணி. பைய ஓட்டிப் பழகு" என்றார். என் கணவர் பக்கத்தில் நின்று கேட்டுக்கொண்டிருந்தார். போனை வைத்ததும், "அவரு சொல்றதுலயும் ஒரு இது இருக்குது" என்றார். என்ன 'இது' என்று கேட்டேன். பேப்பரை எடுத்துக்கொண்டார்.

இந்தக் கேவலத்தோடு தினமும் வேறொன்றையும் பார்க்க வேண்டியிருந்தது. டாக்டரம்மாவின் காரைக் காரமடையிலேயே ஒரு கருவேப்பிலை விவசாயி வாங்கியிருந்தார். பின்சீட்டைக் கழற்றிவிட்டுக் கருவேப்பிலைக் கட்டுகளை அடைத்து, காலையில் கோயமுத்தூர் மார்க்கெட்டுக்குப் போய்விட்டு, நான் பள்ளிக்கூடம் போகும் நேரத்துக்குத் திரும்பி வருவார். துடியலூர் தாண்டியதும் அந்த வெள்ளைக் கார் பின்னாலிருந்து வந்து என்னைத் தாண்டிப் போகும். மழையோ வெயிலோ, ஒரு நாள் தவறியதில்லை. பெரும்பாலான நாட்களில் நான் அதைப் பார்த்தது ரோட்டோரம் என் காரின் பேனட்டைத் திறந்துவைத்துக்கொண்டு நிற்கும்போதுதான்.

கார் வாங்கியபின் வந்த இரண்டாவது மாசியில், காரமடைக் கோயில் தேருக்குச் சின்ன மாமாவும் அத்தையும் எங்கள் வீட்டுக்கு வந்தார்கள். காரமடைக்குக் காரில் போகலாம் என்றார் சின்ன மாமா. "நான் பாத்துக் குடுத்த வண்டி, நானே ஏறிப் பாக்க வேண்டாமா?" முன்சீட்டில் உட்கார்ந்து, வழியெல்லாம் எனக்குக் கியர் மாற்றச் சொல்லிக்கொடுத்தார். அவருக்கு ஓட்டத் தெரியாது என்பதைச் சொல்லத் தேவையில்லை.

பெரியநாயக்கன்பாளையம் தாண்டிக் கொஞ்ச தூரத்தில் பேனட்டிலிருந்து ஆவி கிளம்பி, வண்டி நின்றுவிட்டது. நல்ல வெயில். சின்ன மாமா இறங்கி நின்று காரணங்களைச் சொல்ல ஆரம்பித்தார். பெட்ரோல் பங்க்கில் கலப்படம். ரோடு சரியில்லை. சனிக்கிழமையில் கிளம்பியிருக்கக் கூடாது. அவர் சொல்லாமல் விட்ட ஒரே காரணம் அந்தக் கார்.

அப்போது பின்னால் வந்த ஒரு கார் எங்களைத் தாண்டிப் போய் நின்றது. கருவேப்பிலைக்காரர். மார்க்கெட்டில் பாரத்தை இறக்கிவிட்டு வந்துகொண்டிருந்தார். அவருக்கு என்னோடு முகப் பழக்கம் உண்டு.

"ஏனுங் டீச்சர், தேருக்குங்களா? ஏறுங்க, நானும் அங்கதான் போறேன். வண்டி கெடக்கட்டும், யாரும் தூக்கிட்டுப் போகமாட்டாங்க."

எங்கள் வண்டியை அவர் எவ்வளவு சரியாக எடைபோட்டிருந்தார்! சின்ன மாமா முன்னால் ஏறினார். நாங்கள் மூவரும் பின்னால் சாக்கை விரித்து, உதிர்ந்த இலைகளின் மேல் உட்கார்ந்தோம். வண்டி கிளம்பியது. கியர் மாறுவதே தெரியவில்லை. வீரபாண்டிப் பிரிவு வருவதற்குள் சின்ன மாமாவால் வாயை வைத்துக்கொண்டு இருக்க முடியவில்லை.

"வண்டி பரவால்லீங்களே. சத்தமே காணமே. எத்தனை வருசமாச்சுங்க?"

"ஒம்பது வருசமாச்சுங்க. பாரம் ஏத்தித்தான் ஓட்டறேன், ஒரு தொந்தரவு இல்லீங்க."

"பாருங்க, அதுதான் வண்டி" என்றார் சின்ன மாமா. பின்னால் திரும்பி என்னிடமும் சொன்னார்: "பாத்தியா அம்மணி, ஆம்பளை கையில இருந்தா வண்டி எப்புடி இருக்குதுன்னு? நாங்கெல்லாம் கதவு சாத்தற சத்தத்துலயே கண்டுபுடிச்சிருவோம்." பிறகு அவரிடம், "குடுக்கற மாதிரி இருந்தாச் சொல்லுங்க" என்றார்.

இரண்டு வருடமாக வாயை மூடிக்கொண்டிருந்த எனக்கு அந்தச் சாக்கின்மேல் உட்கார்ந்திருந்தபோது அது முடியவில்லை.

"மாமா, இது அந்த டாக்டரம்மா வண்டிங்க. நீங்க வேண்டாம்னு சொன்னது."

அவர் திரும்பவில்லை. அவருடைய கழுத்தின் பின்புறத்தை மட்டும் பார்த்தேன். "அப்பக் கிளட்ச்ச மாத்தியிருப்பாங்க" என்றார்.

"இல்லீங்களே" என்றார் கருவேப்பிலைக்காரர், ஒன்றும் தெரியாமல். "அந்தம்மா ஓட்டுன அதே கிளட்ச்சுத்தானுங்க."

காரமடை வரைக்கும் என் கணவர் கால் பெருவிரலைப் பார்த்துக்கொண்டே வந்தார். அத்தை மட்டும் முந்தானையால் வாயை மூடியிருந்தார். அழுகிறாரோ என்று முதலில் பயந்துவிட்டேன். தோள் குலுங்கிய விதத்தில் அது சிரிப்பு என்று தெரிந்தது.

அந்த மாதமே சிவப்புக் காரை விற்றேன். வாங்க வந்தவர் அன்னூர்ப் பக்கம். அவரை ஏமாற்ற எனக்கு மனமில்லை. நேர்மை என்று சொல்லிக்கொள்ள மாட்டேன். அந்தப் பங்காளி செய்ததை நானும் செய்ய அருவருப்பாக இருந்தது, அவ்வளவுதான். மிதியடியைத் தூக்கிக் காட்டினேன். மோதின வண்டி என்றேன். சட்டம் கோணல், ரேடியேட்டர் ஒழுகும், காலையில் தள்ள வேண்டும் என்றேன்.

அவர் பொறுமையாகக் கேட்டுவிட்டு லேசாகச் சிரித்தார். "இத்தனை கொறை சொல்றீங்கன்னா, குடுக்க மனசில்லீன்னு அர்த்தமுங்க. வேற யாரோ வந்து கேட்டிருக்காங்க. எனக்குத் தெரியாதுங்களா?" பிறகு மிதியடியைத் தானே மறுபடி விரித்துவிட்டார். டயரை உதைத்தார். கதவைத் திறந்து சாத்தினார். முகம் மலர்ந்தது. அரைமணி நேரத்தில் என் கணவரும் தெருக்காரர்கள் மூன்று பேரும் தள்ளிவிட, பெருமையோடு ஓட்டிக்கொண்டு போனார்.

அடுத்த காரை நானே பார்த்தேன். பீளமேட்டில் ஒரு பேங்க் ஊழியர் வீடு. சொல்லாமல் கொள்ளாமல் காலை ஆறரை மணிக்குப் போய் நின்றேன். அவர் பல்துலக்கிக்கொண்டே வந்து சாவியைக் கொடுத்தார். முதல் திருகலிலேயே வண்டி கிளம்பியது. பில்களைப் படித்தேன். தெருமுனை மெக்கானிக்கைக் கூட்டிப் போய்க் காரின் அடியில் படுத்துப் பார்க்கச் சொன்னேன். இதில் பெரிய வித்தை ஒன்றும் இல்லை. படிக்கத் தெரிந்து, கேட்கக் கூச்சப்படாத யாரும் செய்யலாம். அந்தக் கார் நான் ஓய்வுபெறும்வரை ஓடியது. இரண்டு தடவைதான் வழியில் நின்றது, இரண்டும் நான் பெட்ரோல் பார்க்காமல் கிளம்பிய நாட்கள்.

அது ஆறேழு வருடம் ஓடிய பிறகு ஒருமுறை சின்ன மாமா வீட்டுக்கு வந்தார். வாசலில் நின்ற காரைச் சுற்றி வந்து, நம்பர் பலகையை உற்றுப் பார்த்து, விரல்விட்டுக் கூட்டினார்.

"ஒம்பது வருது. அதாம் பாரு, இந்த ஓட்டம் ஓடுது" என்றார் என் கணவரிடம். "எனக்கு அப்பவே தெரியும், இது ராசியான வண்டின்னு."

என் கணவர் ஆமாம் என்று தலையாட்டினார். எனக்குப் பத்தாம் வகுப்பு விடைத்தாள் ஒரு கட்டு பாக்கியிருந்தது. உள்ளே போய்த் திருத்த உட்கார்ந்தேன்.