மேஸ்திரி சொன்ன சாட்சி

ஆம்பூரில் எங்கள் கிறிஸ்தவ சபைக் கூடத்துச் சுவரில் ஆணியடித்து மாட்டிய படுக்கை விரிப்புதான் அந்தச் சனிக்கிழமை இரவு திரை. அதன் மடிப்பு சரியாகக் கதாநாயகனின் மூக்கின்மேல் விழுந்தது. பழைய ரஷ்ய நாவல் ஒன்றைப் படமாக எடுத்திருந்தார்கள். கொலை செய்துவிட்டு, யாரிடமும் பிடிபடாமல், உள்ளுக்குள்ளேயே அழுகிப்போகும் ஒருவனின் கதை. நாவலையும் படித்தவன் என்ற மிதப்பில், அடியில் ஓடிய ஆங்கில வரிகளை நான் உரக்கத் தமிழில் சொல்லிக்கொண்டிருந்தேன். கேட்டவர்களில் பாதிப்பேர் டீக்காக வந்தவர்கள்.

பக்கத்தில் எங்கள் தோல் பதனிடும் டேனரியின் மேஸ்திரி. நான் அங்கே ஆபீசில். அவர் தொட்டிகளுக்குப் பொறுப்பு. அந்த வருஷம்தான் கழிவுத் தொட்டியில் இறங்கிய தொழிலாளி ஒருவர் விஷவாயுவில் செத்துப்போயிருந்தார். குடித்துவிட்டுத் தானாக இறங்கினான் என்று விசாரணையில் சொன்னவர் மேஸ்திரி. செத்தவரின் மனைவியும் எங்கள் சபைதான். குடிகாரன் பெண்டாட்டி என்ற பேரோடு வந்துபோய்க்கொண்டிருந்தார்.

"அவன் மனசாட்சி சும்மா இருக்கவில்லை" என்று நான் மொழிபெயர்த்தபோது மேஸ்திரி என் தொடையைத் தட்டினார்.

"மனசு சாட்சி சொல்லும்னா, எங்க போய் சொல்லும் சார்?"

"ஞாயித்துக்கிழம நம்ம சபையிலதான், வேற எங்க?" என்றேன். சுற்றியிருந்தவர்கள் சிரித்தார்கள். அவர் சிரிக்கவில்லை.

எங்கள் சபையில் சாட்சி என்றால், ஆராதனை நடுவே எழுந்து, மகளுக்கு நர்ஸ் வேலை கிடைத்தது, மூட்டுவலி போனது என்று கர்த்தருக்கு நன்றி சொல்வது. மறுநாள் மேஸ்திரி எழுந்தார்.

"அவன் குடிக்கல. மோட்டார் அடச்சிக்கிச்சி, எறங்குடான்னு நாந்தான் சொன்னேன். நாத்தம் ஜாஸ்தியா கீதுண்ணா, அப்டின்னான். பேஜார் பண்ணாத, எறங்குன்னேன்."

பழக்கதோஷத்தில் முன்வரிசையில் இரண்டு பேர் "ஸ்தோத்திரம்!" என்று சொல்லிவிட்டார்கள். போதகர் பைபிளைத் திறந்தார், மூடினார். செத்தவரின் மனைவிதான் எழுந்து கேட்டார்.

"இத போலீஸ்லயும் சொல்வியாண்ணா?"

வேலை போகும், ஜெயிலும் வரலாம் என்று மேஸ்திரிக்குத் தெரியும். "சொல்றேம்மா" என்றார்.

இப்போது அதே நாவலைப் புதுத் தொடராகப் போனில் பார்க்கிறேன். குற்றத்தை ஒப்புக்கொள்ள அவன் பனியில் தனியாக நடக்கிறான். கூடவே வயலின் அழுகிறது. எங்கள் மேஸ்திரி போனபோது கூடவே போனது அந்தம்மா. ஸ்டேஷன் வாசலில் கால் வராமல் அவர் நின்றுவிட்டார். "வாண்ணா" என்று சொல்லிவிட்டு, அந்தம்மாதான் முதலில் படியேறினார்.