புருசெத் மண்டபத்தில் ஒரு கொரியச் சடங்கு

நோர்வேயின் புருசெத்தில் சிவநாயகி வசித்த குடியிருப்பில் ஞாயிற்றுக்கிழமை சத்தம் கூடாது. சுவரில் ஆணி அடித்தாலே முறைப்பாடு வரும். அது தெரிந்தும், நிர்வாகக் குழுவில் இருந்த சிவநாயகி அன்று பக்கத்து வீட்டு ஹெய்டிக்குப் பொதுமண்டபத்தைத் திறந்துவிட்டாள்.

ஹெய்டி கொரியாவில் பிறந்து, கைக்குழந்தையாகவே நோர்வேக்குத் தத்து வந்தவள். பெற்ற தாயைத் தேடிக் கண்டுபிடித்தபோது தாய் இறந்து சில மாதங்களாகியிருந்தன. யாருமற்றுச் செத்த அந்த உயிரை வழியனுப்ப, கொரியாவிலிருந்து ஒரு பூசாரிப் பெண்ணையும் மேளகாரரையும் வரவழைத்திருந்தாள்.

நீண்ட வெள்ளைத் துணியில் வரிசையாக முடிச்சுகள். இறந்தவளின் மனக்குறைகளாம். பூசாரி பாடிப் பாடித் துணியை உதற, அவை ஒவ்வொன்றாக அவிழ்ந்தன. கடைசி முடிச்சு மட்டும் அசையவில்லை. மேளம் வேகம் பிடித்தது. பூசாரி திரும்பி, தாயைத் தேடும்போது ஹெய்டி கொஞ்சம் கற்றிருந்த கொரிய மொழியில் ஏதோ சொன்னாள்.

“அம்மா என்று கூப்பிடச் சொல்கிறாள்,” என்று ஹெய்டி நோர்வேஜிய மொழியில் பல்லைக் கடித்தாள். “என்னைக் கொடுத்துவிட்டுப் போனவளையா?”

அப்போது யாரோ கதவை இடித்தார்கள். சிவநாயகி வெளியே வந்து, கதவைச் சாத்தி முதுகைக் கொடுத்து நின்றாள். எதிரே குழுத் தலைவர் சந்திரகுமார்.

“என்னக்கா இது, பேயாட்டமோ? சனம் எனக்கெல்லோ போன் அடிக்குது. நிப்பாட்டச் சொல்லுங்கோ.”

“இடையிலை நிப்பாட்டேலாது, தம்பி. அந்த உயிர் பாதி வழியிலை நிக்குமாம்.”

“அப்ப பொலிசுக்கு அடிக்கிறன்.”

“அடியுங்கோ. உங்கட ஐயாவின்ரை முப்பத்தோராம் நாள் அந்தியேட்டியும் இதே ஹோலிலைதான் நடந்தது. அதுவும் ஞாயிற்றுக்கிழமை. அண்டைக்கு ஆர் பொலிசுக்கு அடிச்சது?”

சந்திரகுமார் கையிலெடுத்த போனைத் திரும்பச் சட்டைப்பைக்குள் போட்டார். ஆனால் வேறு யாரோ முன்பே அழைத்திருந்தார்கள். படியேறி வந்த இரண்டு பொலிஸ்காரர் மேளத்தை உடனே நிறுத்தச் சொன்னார்கள். சிவநாயகிக்கு உள்ளே போய்ச் சொல்லத்தான் வேண்டியிருந்தது.

மேளம் நின்றது. அந்த அமைதியை ஹெய்டியால் தாங்க முடியவில்லை. பாய்ந்து துணியின் நுனியைப் பற்றினாள்.

“ஒம்மா!”

சிவநாயகிக்கு மொழிபெயர்ப்பு தேவைப்படவில்லை. ஹெய்டி மறுபடி கத்தினாள். பிறகு நோர்வேஜிய மொழியில் திட்டினாள், அழுதாள், ஏன் என்று கேட்டாள். பூசாரி துணியை ஓங்கி உதறினாள். முடிச்சு நழுவி அவிழ்ந்தது.

“முடிந்ததா?” என்று வாசலில் நின்ற பொலிஸ்காரர் மெல்லக் கேட்டார்.

முடிந்தது என்றாள் சிவநாயகி.

அடுத்த குழுக் கூட்டத்தில் அவளுக்கு நல்ல ஏச்சு விழுந்தது. ஆனால் சடங்கு முடிந்த அன்று ஹெய்டி சிவநாயகி வீட்டுச் சோபாவில் பின்னேரம்வரை அசையாமல் தூங்கினாள். எழும்பியதும் பசிக்கிறது என்றாள். சிவநாயகி புட்டு அவிக்கப் போனாள்.